புலி வந்த இரவு: ஜிம் ராஸின் குரலைப் பற்றி

2003இல் நான் எட்டாம் வகுப்பு. திண்டுக்கல்லில் எங்கள் தெருவில் டென் ஸ்போர்ட்ஸ் தெரிந்த வீடுகள் இரண்டோ மூன்றோதான். அதில் ஒன்று மாமா வீடு. ‘ரா’ போடுகிற நாளில் ஐந்தாறு பையன்கள் அங்கே கூடிவிடுவோம். எல்லோர் சட்டைப்பையிலும் மல்யுத்த வீரர்களின் சீட்டுக்கட்டு இருக்கும். அண்டர்டேக்கருக்கு ஏழு உயிர் என்று எங்களில் பாதிப் பேர் நம்பினோம். மீதிப் பேர் ஒன்பது என்றார்கள்.

மாமாவுக்கு இங்கிலீஷ் வராது. எங்களுக்கும் பாடப்புத்தக இங்கிலீஷ்தான். டிவியில் பேசுகிறவர் ஓக்லஹோமா மண்ணின் உச்சரிப்பில், சொற்களை மென்று மென்று பேசுவார். பத்தில் ஒரு வார்த்தை பிடிபட்டால் அதிகம். அதனால் மாமா அவர் பேசுவதற்கு மேலேயே தமிழில் வர்ணனை சொல்ல ஆரம்பித்துவிடுவார். “போச்சுடா, இடுப்பெலும்பு தூள்! இனி எந்திரிக்க மாட்டான்டா! ஆஸ்பத்திரிக்குப் போன் போடுங்கடா!” மாமா சொன்ன அளவுக்கு அங்கே எலும்பு முறிந்திருந்தால் அமெரிக்காவில் ஒரு மல்யுத்த வீரன் மிஞ்சியிருக்க மாட்டான். ஆனால் ஒன்று: மாமா எப்போது குரலை உயர்த்தினாரோ அப்போதெல்லாம் டிவிக்குள் இருந்தவரும் உயர்த்தியிருப்பார். அந்த மனிதரின் பெயர் ஜிம் ராஸ் என்று பிறகுதான் தெரிந்துகொண்டேன்.

அர்த்தம் புரியாமல் ஒரு குரலைக் கேட்டு வளர்ந்ததில் ஒரு லாபம் உண்டு. என்ன சொல்கிறார் என்பதை விட்டுவிட்டு, எப்படிச் சொல்கிறார் என்பதை மட்டும் காது பழகிக்கொள்கிறது. ராஸைப் பற்றி எழுத எனக்கிருக்கும் ஒரே தகுதி அதுதான்.

*

தொழில்முறை மல்யுத்தத்தில் யார் ஜெயிப்பார் என்பது முன்கூட்டியே முடிவாகிவிடும். இது ரகசியமில்லை. அப்படியானால் வர்ணனையாளரின் வேலை என்ன? முடிவு தெரிந்த ஒரு சண்டையைத் தெரியாதது போலப் பார்க்க வைப்பது. ஒவ்வொரு வாரமும் “இதோ, இவன் வாழ்க்கையே முடிந்துவிட்டது” என்று சொல்ல வேண்டும். அடுத்த வாரம் அவன் நடந்து வருவான். அப்போதும் அதையே சொல்ல வேண்டும்.

‘புலி வருது’ கதையில் வரும் பையனுக்குச் சம்பளம் கொடுத்து வேலைக்கு வைத்தது மாதிரி இது. தினமும் கத்தணும், தினமும் ஊர் கூடணும். அந்தக் கதையின் நீதி நமக்குத் தெரியும். உண்மையில் புலி வரும் நாளில் ஒருவரும் வர மாட்டார்கள்.

ஜிம் ராஸின் வாழ்க்கையில் அந்தப் புலி வந்தது. 1999 மே 23, கன்சாஸ் சிட்டி. அன்று அவர் சொன்னதை மக்கள் நம்பினார்கள். எப்படி நம்பினார்கள் என்பதுதான் என் கேள்வி. அந்த நம்பிக்கை எதற்குப் பயன்பட்டது என்பது இரண்டாவது கேள்வி. முதல் கேள்விக்கான பதில் அவர்மேல் மரியாதையைக் கூட்டுகிறது. இரண்டாவது அந்த மரியாதையைக் கொஞ்சம் சங்கடப்படுத்துகிறது.

*

1952இல் பிறந்த ராஸ் ஓக்லஹோமாவின் கிராமப்புறத்தில் வளர்ந்தவர். எழுபதுகளில் இருபதுகளின் தொடக்கத்தில் இருந்த ஓர் இளைஞனாக இந்தத் தொழிலுக்குள் வந்தார். ரெஃப்ரி வேலை பார்த்தார், கார் ஓட்டினார், சொன்னதையெல்லாம் செய்தார். அவரை வேலைக்கு வைத்த லீராய் மெக்குர்க் முன்னாள் மல்யுத்த வீரர். விபத்தில் பார்வையை முற்றிலும் இழந்த பிறகும் நிகழ்ச்சிகளை நடத்திவந்தவர். கண் தெரியாத முதலாளியிடம் வேலை பார்க்கும் பையன் எதைக் கற்றுக்கொள்வான்? எதிரே இருப்பதை, அது அங்கே இருக்கிறது என்று மற்றவர் நம்பும்படி சொல்வதைத்தான் என்று எனக்குத் தோன்றுகிறது.

அடுத்த முதலாளி பில் வாட்ஸ். அவரும் முன்னாள் வீரர், ஓக்லஹோமா பல்கலைக்கழகத்தில் அமெரிக்கக் கால்பந்து ஆடியவர். அவருடைய மிட்-சவுத் மல்யுத்தம் விளையாட்டின் தர்க்கத்தில் நடந்தது. விதி உண்டு, மீறினால் விளைவு உண்டு, அடி வாங்கினால் அடுத்த வாரமும் நொண்ட வேண்டும். ராஸின் பாணி அங்கே உருவானது. ரிங்குக்குள் வருகிறவனின் எடை, ஊர், கல்லூரியில் எந்த இடத்தில் கால்பந்து ஆடினான், போன மாதம் எந்த முழங்காலில் காயம் பட்டது, எல்லாவற்றையும் ஒரு கிராம நிர்வாக அலுவலரின் பொறுமையோடு அடுக்குவார். சண்டையின் முதல் ஐந்து நிமிடம் அவர் குரல் ஏறவே ஏறாது.

அதற்கு முன்பிருந்த பெரிய வர்ணனையாளர்களோடு வைத்துப் பார்த்தால் இது இன்னும் தெளிவாகும். புளோரிடாவின் கார்டன் ஸோலி தாழ்ந்த குரலில், ஒவ்வொரு பிடியையும் அதன் பெயரால் குறிப்பிடுவார். கோர்ட்டில் சாட்சி சொல்வது போல இருக்கும். நியூயார்க்கின் வின்ஸ் மக்மான் நேர் எதிர். பிடியின் பெயரைச் சொல்லாமல் வியப்பை மட்டும் அறிவிப்பார். முதலாவதில் நம்பகம் உண்டு, சூடு குறைவு. இரண்டாவதில் சூடு உண்டு, நம்பகம் குறைவு. ராஸ் ஸோலியாகத் தொடங்கி, படிப்படியாக ஏறி, ஸோலியும் மக்மானும் போகாத ஓர் இடத்தில் போய் நின்றார்.

அந்த இடத்தின் மொழி முழுக்க ஓக்லஹோமாவுடையது: பண்ணை, தேவாலயம், கால்பந்து மைதானம். யாரையாவது போட்டு வெளுத்தால் ‘சர்க்கார் கோவேறு கழுதையை அடிக்கிற மாதிரி அடிக்கிறான்’ என்பார். வாயிலிருந்து எச்சில் தெறிக்கும்படியான மோதலை ‘ஸ்லாபர்நாக்கர்’ என்பார். பின்னாளில் தன் சுயசரிதைக்கும் அதையே தலைப்பாக வைத்தார். உச்சத்துக்குப் போனால் கடவுளைக் கூப்பிடுவார். கூத்தில் கட்டியங்காரன் ராஜாவின் கதையை நம் தெரு பாஷையில் சொல்கிறான் இல்லையா, அப்படித்தான் இதுவும். மேலே நடப்பது மலையளவு மனிதர்களின் புராணம். சொல்கிறவன் பக்கத்து வீட்டு விவசாயி.

1989 ஏப்ரலில் நியூ ஆர்லியன்ஸில் ரிக் ஃப்ளேரும் ரிக்கி ஸ்டீம்போட்டும் ஐம்பது நிமிடங்களுக்கு மேல் மோதிய ஆட்டத்தைக் கேட்டுப் பாருங்கள். அதில் பெரும்பகுதி மூச்சு, களைப்பு, கால், முதுகு பற்றிய பேச்சுதான். நம்பிக்கையை அவர் சிறுசேமிப்பு மாதிரி சேர்த்தார். சின்னச் சின்ன உண்மைகளாகப் போட்டுக்கொண்டே வந்து, கடைசி இரண்டு நிமிடத்தில் பெரிய பொய்க்காக மொத்தமாக எடுப்பார். எவ்வளவு எடுத்தாலும் கணக்கில் கொஞ்சம் மீதி இருக்கும்.

*

1993இல் ராஸ் மக்மானின் நிறுவனத்துக்கு, அன்றைய டபிள்யூ.டபிள்யூ.எஃப்.க்கு வந்தார். லாஸ் வேகாஸில் நடந்த ஒன்பதாவது ரெசில்மேனியாவில், ரோமானிய டோகாவைச் சுற்றிக்கொண்டு அறிமுகமானார். பார்க்கப் பாவமாக இருக்கும். அடுத்த ஆண்டே முகத்தின் ஒரு பக்கம் செயலிழக்கும் பெல்ஸ் பால்சி தாக்கியது. குரலும் முகமுமே தொழிலான மனிதருக்கு அதைவிட என்ன வரவேண்டும்? வேலை போனது, திரும்பக் கிடைத்தது. 1998 டிசம்பரில் நோய் மறுபடி தாக்கியது. 1999இல் போட்டி நிறுவனமான டபிள்யூ.சி.டபிள்யூ. அந்த முகத்தைக் கேலி செய்வதற்கென்றே ஒரு கதாபாத்திரத்தை உருவாக்கி மேடையேற்றியது.

இதற்கிடையில் அவர் வீரர்களை வேலைக்கு எடுக்கும் துறையின் தலைவராகவும் ஆகியிருந்தார். சம்பளம் பேசுவது, ஒப்பந்தம் போடுவது, வீட்டுக்கு அனுப்புவது எல்லாம் அவர் கையில். மிக் ஃபோலியை எடுக்கத் தயங்கிய மக்மானை வற்புறுத்திச் சம்மதிக்க வைத்தவர் ராஸ்தான்.

1998 ஜூன் 28, பிட்ஸ்பர்க். கூண்டின் உச்சியிலிருந்து அண்டர்டேக்கர் அந்த ஃபோலியைத் தூக்கி எறிகிறார். வர்ணனையாளர் மேசைமேல் வந்து விழுகிறார் ஃபோலி. கொன்றுவிட்டார்கள் என்று ராஸ் கத்துகிறார். கடவுள் சாட்சியாக அவன் இரண்டாக முறிந்துவிட்டான் என்கிறார். மல்யுத்தத்தில் மிக அதிகம் மேற்கோள் காட்டப்படும் வர்ணனை அதுதான். இன்று பூனை சோபாவிலிருந்து விழும் வீடியோவுக்குக்கூட அதைப் பொருத்திச் சிரிக்கிறார்கள்.

எனக்கு அதைவிட முக்கியம் அடுத்த கட்டம். ஃபோலி திரும்ப ஏறுகிறார். இந்தமுறை கூண்டின் கூரை பெயர்ந்து ரிங்குக்குள் விழுகிறார். கூரை பெயர்வது திட்டத்தில் இல்லை. இப்போது ராஸின் குரலில் உவமை கிடையாது. யாராவது இந்த ஆட்டத்தை நிறுத்துங்கள் என்று கேட்கிறார். பார்வையாளர்களிடம் பேசுவதை விட்டுவிட்டு, தன் சொந்த நிறுவனத்திடம் பேசுகிறார். ஆனால் அந்த நிறுவனத்தின் அதிகாரி அவர். அந்த மனிதரை அங்கே கூட்டிவந்ததும் அவர். நிறுத்தச் சொல்லிக் கெஞ்சுகிறவரும், நிற்காமல் நடப்பதால் பிழைக்கிறவரும் ஒரே ஆள். ஆட்டம் நிற்கவில்லை. அவரும் வர்ணனையைத் தொடர்ந்தார்.

*

பதினொரு மாதம் கழித்து, கன்சாஸ் சிட்டி கெம்பர் அரங்கம். ‘ஓவர் தி எட்ஜ்’ என்ற கட்டண ஒளிபரப்பு. ஓவன் ஹார்ட், வயது 34, நீல முகமூடி அணிந்த கோமாளித்தனமான சூப்பர்ஹீரோவாக அரங்கின் கூரையிலிருந்து கயிற்றில் இறங்கி வர வேண்டும். இறங்குவதற்கு முன்பே கொக்கி விடுபட்டது. ஏறத்தாழ 78 அடி உயரத்திலிருந்து ரிங்குக்குள் விழுந்தார். அந்த நேரத்தில் தொலைக்காட்சியில் முன்பே பதிவுசெய்த காட்சி ஓடிக்கொண்டிருந்தது. வீட்டிலிருந்தவர்கள் விழுந்ததைப் பார்க்கவில்லை. ஒளிபரப்பு திரும்பியபோது கேமரா கூட்டத்தை மட்டுமே காட்டியது.

காட்டுவதற்குக் காட்சி இல்லை. ராஸின் குரல் மட்டும் இருந்தது.

இது நிகழ்ச்சியின் பகுதி அல்ல, உண்மையிலேயே நடந்துவிட்டது என்று அவர் சொல்ல வேண்டும். சிக்கல் எங்கே என்று பாருங்கள். ‘இது நாடகம் இல்லை’ என்று சொல்வதுதான் மல்யுத்த நாடகத்தின் ஆகப் பழைய உத்தி. ஒன்றரை வருடத்துக்கு முன்பு, 1997 நவம்பரில் மாண்ட்ரியாலில், இதே ஓவனின் அண்ணன் பிரெட் ஹார்ட்டை அவருக்கே தெரியாமல் தோற்கடித்தார்கள். அது உண்மைத் துரோகம். அதையும் கதையாக்கி, அதன்மேல் ஒரு புதிய வில்லனைக் கட்டி வியாபாரம் செய்தது நிறுவனம். ஆக, ‘உண்மை’ என்ற வார்த்தையே அந்த அரங்கில் தேய்ந்து போயிருந்தது. ராஸ் பயன்படுத்தாமல் மிச்சம் வைத்த சொல் எதுவும் இல்லை. சாவு, கொலை, கடவுள் எல்லாம் வாராவாரம் செலவாகியிருந்தன.

மிச்சமிருந்தது குரலின் கீழ்ப்படி மட்டும்தான். அவர் அங்கே இறங்கினார். வேகம் குறைந்தது. பெயரடைகள் போயின. உவமை இல்லை, கடவுள் இல்லை, ஓக்லஹோமா இல்லை. என்ன நடந்தது, மருத்துவர்கள் என்ன செய்கிறார்கள், அவ்வளவுதான். கூட வர்ணனை செய்யும் ஜெர்ரி லாலர் ரிங்குக்குள் போய்ப் பார்த்துவிட்டுத் திரும்பி வருகிறார். எப்போதும் ஏதாவது ஆபாச நகைச்சுவை வைத்திருக்கும் ஆள். நிலைமை நன்றாக இல்லை என்பதற்கு மேல் அவரால் பேச முடியவில்லை. பிறகு, ஓவன் ஹார்ட் இறந்துவிட்டார் என்ற செய்தியை ராஸ் தொலைக்காட்சிப் பார்வையாளர்களுக்குச் சொல்கிறார். ஒளிபரப்பில் அதைச் சொல்வதற்குச் சில நொடிகள் முன்புதான் தன்னிடம் சொன்னார்கள் என்று பின்னாளில் பேட்டிகளில் கூறியிருக்கிறார்.

புலி வருது கதையில் பையனுக்கு ஒரே குரல்தான் இருந்தது. அதனால் செத்தான். ராஸிடம் இரண்டு குரல் இருந்தது. இருபத்தைந்து வருடமாக ஒவ்வொரு ஆட்டத்தையும் தரையிலிருந்து தொடங்கிய பழக்கம், அந்த இரவில் நிற்க அவருக்குத் தரையைக் கொடுத்தது. எப்போதும் உச்சத்தில் நின்று கத்துகிறவருக்கு இந்தச் செய்தியைச் சொல்ல இடமே இருந்திருக்காது. ஒரு வர்ணனையாளரின் தரத்தை அவர் எவ்வளவு உயரம் போகிறார் என்பதை வைத்து அளப்பது தவறு என்று நான் நினைக்க இதுதான் காரணம்.

என் வேலையிலும் இது உண்டு. சர்வரில் ஏதாவது கோளாறு என்றால் நடுராத்திரி போன் அலறும். எல்லாக் கோளாறுக்கும் ஒரே அலறல் வைத்தால் மூன்றாம் நாளே தூக்கத்தில் அணைத்துவிட்டுப் புரண்டு படுப்போம். பட்டுத்தான் தரம் பிரிக்கக் கற்றோம். ஆனால் இதை எனக்கு உண்மையாகப் புரியவைத்தது வேலை இல்லை, மாமா. அப்பா இறந்த இரவு பெங்களூரில் இருந்தேன். மாமாதான் கூப்பிட்டார். எதையும் மூன்று மடங்காக்கிச் சொல்லும் மனிதர். “மாப்ள, பஸ் இருக்கா பாரு” என்று மட்டும் சொன்னார். அவர் வேறெதுவும் சொல்வதற்கு முன்பே எனக்குத் தெரிந்துவிட்டது.

*

இனி இரண்டாவது கேள்வி.

ஓவன் இறந்தது தெரிந்த பிறகும் நிகழ்ச்சி நடந்தது. அவர் விழுந்த அதே ரிங்கில் அடுத்த ஆட்டம், அதற்கடுத்த ஆட்டம், கடைசியில் அண்டர்டேக்கர், ஸ்டீவ் ஆஸ்டினை வென்று பட்டம் பெற்றது வரை. அரங்கில் இருந்த கூட்டத்துக்கு மரணத்தை அறிவிக்கவேயில்லை. ராஸ் முழு இரவும் மைக்கில் இருந்தார். மரணத்தைச் சொன்ன அதே வாயால் அடுத்த ஆட்டத்துக்குப் போனார்.

அவரைச் சிலாகிக்கிறவர்கள் இந்த இடத்தில் ‘தொழில்பக்தி’ என்ற சொல்லைப் பயன்படுத்துகிறார்கள். நானும் பல வருடம் அப்படித்தான் நினைத்தேன். இப்போது எனக்கு அது அவ்வளவு எளிதாக இல்லை. அந்த இரவில் நிகழ்ச்சி தொடர முடிந்ததற்கு ராஸின் குரலும் ஒரு காரணம். அவ்வளவு கண்ணியமாக ஒருவர் துக்கத்தைச் சொல்லிவிட்டால், துக்கம் அனுசரித்தாகிவிட்டது என்ற உணர்வு வந்துவிடுகிறது. பிறகு அடுத்த ஆட்டத்தைப் பார்க்கலாம். தடுமாறி அழுகிற, பேச முடியாமல் எழுந்து போகிற ஒருவர் அந்த மேசையில் இருந்திருந்தால், திரையை அணைப்பதைத் தவிர அவர்களுக்கு வழி இருந்திருக்குமா? தெரியவில்லை. ஓவனின் மனைவி மார்த்தா ஹார்ட் வழக்குத் தொடுத்தார். 2000இல் சுமார் 1 கோடியே 80 லட்சம் டாலருக்குச் சமரசம் ஆனது. நிறுவனம் தன் கணவரைக் கௌரவிக்க முன்வந்தபோதெல்லாம் அவர் மறுத்துவந்தார். அந்த மறுப்பில் இருக்கும் தெளிவு, ராஸின் கண்ணியத்தில் இல்லை.

ராஸைக் குற்றவாளியாக்க வேண்டும் என்பதல்ல என் நோக்கம். முடிவு அவருடையதல்ல. ஆனால் நம்பகம் என்பது ஒரு கருவி. அதை உண்டாக்கியவருக்கே அதன்மேல் முழு அதிகாரம் இருப்பதில்லை. லாலர் பெண்களைப் பற்றி அடித்த கமெண்டுகளுக்கெல்லாம் சங்கடமாகச் சிரித்தபடி ராஸ் பக்கத்தில் இருந்தார். பெரிய மனிதர் சும்மா இருந்தால் அது சரிதான் என்றே எட்டாம் வகுப்புப் பையன்களாகிய நாங்கள் எடுத்துக்கொண்டோம். தலையில் இரும்பு நாற்காலியால் அடிபட்டு எழுந்து நிற்பதை வீரம் என்று அவர் சொன்னார். நாங்கள் வகுப்பறைப் பெஞ்சில் அதைச் செய்து பார்த்தோம்.

2004 மார்ச்சில் மேடிசன் ஸ்கொயர் கார்டனில் கிறிஸ் பென்வா உலகப் பட்டத்தை வென்றபோது, பதினெட்டு வருட உழைப்பின் கதையாக அதை ராஸ் கட்டி எழுப்பினார். மாமா வீட்டில் நான் அழுதேன். 2007 ஜூனில் பென்வா தன் மனைவியையும் ஏழு வயது மகனையும் கொன்று தற்கொலை செய்துகொண்டார். அவர் மூளையை ஆராய்ந்த மருத்துவர்கள் தொடர்ந்த அடிகளால் ஏற்பட்ட கடுமையான சேதத்தைக் கண்டார்கள். ராஸின் ஆகச்சிறந்த வர்ணனைகளில் ஒன்று இன்று யாரும் கேட்க முடியாததாகிவிட்டது. குரலில் குறை ஏதுமில்லை. அவர் ‘உழைப்பு’ என்று எங்களுக்குச் சொன்னதற்குள் என்ன இருந்தது என்று இப்போது தெரியும், அவ்வளவுதான்.

*

2013இல் டபிள்யூ.டபிள்யூ.இ.யிலிருந்து அவர் வெளியேறினார். அடுத்த ஆண்டு துல்சாவில் ஓர் எம்.எம்.ஏ. போட்டித் தொடருக்கு வர்ணனை செய்தார். 2015 ஜனவரி 4 அன்று டோக்கியோ டோமில் ஜப்பானிய மல்யுத்தத்தை ஆங்கிலத்தில் சொன்னார். 2017 மார்ச்சில் அவர் மனைவி ஜேன் சாலை விபத்தில் காயமடைந்து இறந்தார். இரண்டு வாரத்துக்குள் ரெசில்மேனியாவின் கடைசி ஆட்டத்துக்கு மேசையில் வந்து உட்கார்ந்தார். 2019 முதல் ஏ.இ.டபிள்யூ.வில் இருக்கிறார். குரல் தளர்ந்துவிட்டது, பெயர்கள் மாறுகின்றன. இரண்டு பேர் அணி ஆட்டங்களில் விதிப்படி வெளியேற வேண்டியவன் உள்ளேயே நின்றால், ரெஃப்ரி என்ன செய்கிறார் என்று நேரலையிலேயே சலித்துக்கொள்வார். இளைய ரசிகர்கள் எரிச்சலாகிறார்கள். எனக்கு அதில் பில் வாட்ஸின் பழைய மாணவன் தெரிகிறான். விதி இல்லையென்றால் கீழ்ப்படி இல்லை. கீழ்ப்படி இல்லையென்றால் ஏற இடமில்லை.

போன பொங்கலுக்கு ஊருக்குப் போயிருந்தபோது மாமாவுக்கு என் போனில் பழைய சண்டைகளைப் போட்டுக் காட்டினேன். பிட்ஸ்பர்க் கூண்டைப் பார்த்து, “இடுப்பு தூள்டா” என்று உற்சாகமாகிவிட்டார். அடுத்து, ஓவன் ஹார்ட் இரவின் அந்தப் பதிவு. எதுவும் சொல்லாமல் போட்டேன். திரையில் கூட்டம் மட்டும் தெரிகிறது. ராஸ் பேசுகிறார். மாமாவுக்கு இன்றும் இங்கிலீஷ் வராது. அரை நிமிடம் கேட்டிருப்பார். கண்ணாடியைக் கழற்றிவிட்டு என்னைப் பார்த்துக் கேட்டார்:

“யாரு மாப்ள செத்தது?”